முன்பணத்துக்கு முன் ஒரு கேள்வி

தெற்கு தில்லியில் பழைய கோட்டை மதில்களும் கல்லறை மாடங்களும் குடியிருப்புகளின் நடுவிலேயே நிற்கின்றன. அங்கு வீட்டுக்கடன் பிரிவில் நான் பணியாற்றியபோது, பணி ஓய்வு பெற்ற ஒருவர் தம் மனைவியுடன் வந்தார். மதில் ஒன்றின் அருகே பழைய ஓட்டு வீட்டை விலை பேசி, வருங்கால வைப்புநிதியிலிருந்து முன்பணமும் கொடுத்திருந்தார். அதை இடித்துவிட்டு இரண்டு தளங்கள் எழுப்ப வேண்டும், அதற்குத்தான் கடன். பத்திரம் தெளிவாக இருந்தது, வில்லங்கம் ஏதுமில்லை. இடத்தைப் பார்க்கச் சென்ற மதிப்பீட்டாளர் மட்டும் தொல்லியல் துறையின் நீலப் பலகையைக் கண்டு, தூரம் ஏறத்தாழ 80 மீட்டர் என்று எழுதினார். விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. வங்கிக்கு ஒரு ரூபாய் இழப்பில்லை. முன்பணம் அவருக்குத் திரும்பவில்லை.

1958ஆம் ஆண்டின் தொல்சின்னங்கள் சட்டம் 2010இல் திருத்தப்பட்டது. அதன்படி, மத்திய அரசின் பாதுகாப்பிலுள்ள சின்னத்தைச் சுற்றி 100 மீட்டர் தடைசெய்யப்பட்ட பகுதி. அதற்கப்பால் 200 மீட்டர் ஒழுங்குபடுத்தப்பட்ட பகுதி. தூரம் கோபுரத்திலிருந்தோ குவிமாடத்திலிருந்தோ அளக்கப்படுவதில்லை. பாதுகாக்கப்பட்ட வளாகத்தின் எல்லையிலிருந்து அளக்கப்படுகிறது. இங்கேதான் பலரும் தவறுகிறார்கள். முதல் வட்டத்தில் தனியார் புதிய வீடு கட்ட இயலாது. 16.6.1992க்கு முன்பே இருந்த வீடாயின், அனுமதி பெற்றுப் பழுது பார்க்கலாம், புதுப்பிக்கலாம். அந்தப் பெரியவர் இடிக்க நினைத்த வீட்டை, இடிக்காமல் விட்டிருந்தால், அனுமதியுடன் செப்பனிட்டுக் குடியேறியிருக்கலாம்!

இரண்டாம் வட்டத்தில் கட்ட, தகுதிவாய்ந்த அதிகாரியிடம் விண்ணப்பிக்க வேண்டும். அவர் 15 நாள்களுக்குள் அதைத் தேசிய நினைவுச்சின்ன ஆணையத்துக்கு அனுப்புவார். ஆணையம் பரிந்துரைக்க இரண்டு மாதம். பின் அதிகாரி முடிவெடுக்க ஒரு மாதம். தாமதமே இல்லாவிட்டாலும் மூன்றரை மாதம். நம் கிரய ஒப்பந்தங்கள் பெரும்பாலும் மூன்று மாதக் கெடுவில் எழுதப்படுகின்றன என்பதை நினைவிற்கொள்க. உயரக் கணக்கில் மாடிப்படிக் கூண்டும் நீர்த்தொட்டியும் சேரும். அனுமதியின்றிக் கட்டினால் இரண்டு ஆண்டு வரை சிறை, அல்லது ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டுமே. தஞ்சைப் பெரிய கோயிலுக்கும் மாமல்லபுரத்துக்கும் இதே சட்டம்தான். மாநிலத் துறைகளின் பொறுப்பிலுள்ள சின்னங்களுக்கு அந்தந்த மாநிலச் சட்டம்.

வங்கிகள் இதில் இன்னும் முன்னதாகவே பேச வேண்டும் என்பது என் கருத்து. இடத்தைத் தேர்ந்தெடுப்பது வாங்குபவரின் பொறுப்பு என்று என் சக அலுவலர்கள் சொல்வதுண்டு. சட்டப்படி அது சரியே. ஆனால் எவ்வளவு கடன் கிடைக்கும் என்று கேட்க, முன்பணம் கொடுப்பதற்கு முன்பே எங்கள் மேசைக்கு வருவோர் பலர். வயது, சம்பளம், பிற கடன்கள் யாவற்றையும் அன்றே கேட்கிறோம். "300 மீட்டருக்குள் பாதுகாக்கப்பட்ட சின்னம் ஏதேனும் உண்டா?" என்ற கேள்வியையும் அந்த முதல் படிவத்திலேயே சேர்க்கலாம். வில்லங்கச் சான்றிதழ் பத்திரப் பதிவுகளைத்தான் காட்டும், இந்தத் தடையைக் காட்டாது. அதைக் கண்டறியும் மதிப்பீட்டாளரோ முன்பணம் கைமாறிய பின்னரே போகிறார்.

படிவம் மாறும்வரை வாடிக்கையாளரே கேட்டுக்கொள்ள வேண்டியதுதான். பலகை கண்ணில் படவில்லை என்று இருந்துவிடாதீர்கள். தொல்லியல் துறையின் வட்ட அலுவலகத்தில் விசாரியுங்கள். ஒப்பந்தம் எழுதும்போது, கட்டட அனுமதி மறுக்கப்பட்டால் முன்பணத்தை முழுமையாகத் திருப்பித் தரவேண்டும் என்ற நிபந்தனையைச் சேர்க்கச் சொல்லுங்கள். விற்பவர் அதற்குத் தயங்கினால், தயக்கத்தின் காரணத்தை அங்கேயே கேட்டுவிடுங்கள்.