ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணவா? போங்கய்யா!

"மச்சி, கேம் திக்குதா? ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணிரு." எட்டயபுரத்துல எங்க செட்டுக்கு எல்லா வியாதிக்கும் இதே கஷாயம்தான். நானும் குடிச்சவன்தான் மக்களே, அதனால சொல்றேன்: வடிகட்டின மடத்தனம்.

கேம் திறக்கிற ஒவ்வொரு ஃபைலையும் ஆன்டிவைரஸ் மோந்து பாக்கும், லேட்டாகும். ஒத்துக்கறேன். அதுக்கு விண்டோஸ் செக்யூரிட்டியில 'எக்ஸ்குளூஷன்ஸ்' போய், காசு குடுத்து வாங்கின கேமோட ஃபோல்டரை மட்டும் சேருங்க. டவுன்லோட்ஸ் ஃபோல்டரை இல்ல. சி டிரைவை இல்லவே இல்ல!

கிராக் கேம் கதையே வேற. 'முதல்ல ஆன்டிவைரஸை நிறுத்தவும்'னு அவனே எழுதி வச்சிருப்பான். திருடனே வந்து நாயைக் கட்டிப் போடுன்னா கட்டுவீங்களா? 2021-ல அவாஸ்ட் கண்டுபிடிச்சு சொன்ன கிராக்கோனோஷ், ஜிடிஏ 5 மாதிரி கிராக் கேமுக்குள்ள ஒளிஞ்சு வந்து, ஆன்டிவைரஸையே அழிச்சிட்டு, மொனேரோ தோண்டிச்சு. உலகம் முழுக்க 2,22,000 கம்ப்யூட்டருக்கு மேல. கரண்ட் பில் நம்மளது, காசு அவனுது. (காமர்ஸ்காரனுக்கு இதைவிட அவமானம் உண்டா?)

ராத்திரி நான் ஆடுற அதே மிஷின்லதான் பகல்ல அப்பா தீப்பெட்டி ஆபீஸ் கணக்கை டேலியில போடுறார். ஆறு வருஷக் கணக்கு. பேக்கப் இருக்காப்பான்னு கேட்டேன். "அது எதுக்குடா?"ங்கிறார்.