கணினி விமானத்தை எடைபோடுவது எப்படி?



கி.பி. 9ஆம் நூற்றாண்டில், ஸ்பெயின் நாட்டுக் குர்துபா நகரில், அப்பாஸ் இப்னு ஃபிர்னாஸ் என்னும் அறிஞர் சிறகு பூட்டிப் பறக்க முயன்றார். இறங்குகையில் முதுகில் அடிபட்டார். பறவை இறங்குவதற்கு வாலும் தேவை என்பதை அவர் கருதவில்லை என்று வரலாற்றாசிரியர் அல்மக்கரீ குறிப்பிடுகின்றார். சிறகை மட்டும் பார்த்தால் போதாது.

இன்று நம் பிள்ளைகள் மைக்ரோசாஃப்ட் ஃப்ளைட் சிமுலேட்டர் போன்ற மென்பொருள்களில் விமானம் ஓட்டுகின்றனர். அதனுடன் இணைத்துக்கொள்ள, ஏர்பஸ் ஏ320, போயிங் 737 போன்ற பயணிகள் விமானங்கள் தனியே விற்கப்படுகின்றன. "வாப்பா, அதை வாங்கித் தாருங்கள்" என்று மகன் கேட்டால் உடனே மறுக்க வேண்டாம். உடனே பணத்தையும் எடுத்துக் கொடுக்க வேண்டாம்.

விளம்பரப் படத்தில் எல்லா விமானமும் அழகுதான். ஏற்கெனவே வாங்கியவர் ஒருவரிடம் சென்று, வேண்டுமென்றே தவறு செய்து பார்க்கச் சொல்லுங்கள். ஜெட் எஞ்சின் சுழலத் தொடங்க அழுத்தக் காற்று வேண்டும்; வால் பகுதியிலுள்ள சிறிய துணை எஞ்சின் அதைத் தருகிறது. வேறு காற்று வழியில்லாதபோது, அதையும் அடைத்துவிட்டு எஞ்சினை இயக்கட்டும். அப்போதும் இயங்கினால் அது வெறும் பொம்மை.

அடுத்து, ஏ320 விமானத்தை 40 பாகை சாய்த்துக் கைப்பிடியை விட்டுவிடட்டும். மெய்யான விமானம் தானே 33 பாகைக்குத் திரும்பும். 737இல் அந்த ஏற்பாடு கிடையாது. இரண்டும் ஒரேவிதமாகப் பறந்தால், செய்தவர் வெளிக்கூட்டை மட்டுமே மாற்றியிருக்கிறார். மாணவனின் பிழையைப் பிழையென்று காட்டாத ஆசானால் என்ன பயன்?

ஃப்ளைபைவயர் குழுவினரின் ஏ320நியோ இலவசமாகவே கிடைக்கிறது. முதலில் அதில் பயிலட்டும். ஆர்வம் நிலைத்தால், 2022இல் வெளிவந்த ஃபெனிக்ஸ் ஏ320 போன்ற விலையுள்ளவற்றைப் பற்றி யோசிக்கலாம். திருட்டுப் பிரதியை மட்டும் வீட்டுக்குள் அனுமதிக்காதீர்கள். அது பிறர் உழைப்பைக் களவாடுவதாகும்.

இன்னொன்றையும் மகனிடம் சொல்லி வையுங்கள். வீட்டுக் கணினியில் பறந்த நேரம் விமானி உரிமத்திற்கான பறப்பு நேரமாகாது. மெய்யான விமானத்தை நடுவானில் நிறுத்த இயலாது. கணினி விமானத்தை நிறுத்தலாம். பாங்கு ஒலித்ததும் அதை நிறுத்திவிட்டுத் தொழுகைக்கு எழுந்து வருகிறானா என்று பாருங்கள். வருகிறான் என்றால், இன்ஷா அல்லாஹ், தாராளமாக வாங்கிக் கொடுக்கலாம்.