கமராவைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தவர்

குறும்படம் எடுக்கிற எங்கட பெடியளிட்ட ஒரு எண்ணம் இருக்கு. கதைப்படம்தான் சினிமா, ஆவணப்படம் எண்டா என்.ஜி.ஓ. காசுக்குச் செய்யிற வேலை. எனக்கு இதில உடன்பாடில்லை. வில்லியம் பிளேக்கின் ஒளிப்பதிவைப் பார்த்த பிறகு சுத்தமா இல்லை. (பெயரைத் தேடினா ஆங்கிலக் கவிஞர்தான் முதல்ல வந்து நிப்பார். நான் சொல்லுறது எங்கட நாட்டு ஒளிப்பதிவாளரை.)

முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொறொந்துவ' 1947இல் வந்தது. தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் எண்ட தமிழர், எடுத்தது மதுரை ஸ்டூடியோவில. அதற்குப் பிறகும் கனகாலம் சிங்களக் கிராமம் எண்டது தென்னிந்திய ஸ்டூடியோக்களில போட்ட செட்தான்.

பிளேக் வந்தது வேற வழியால. அரசாங்கத் திரைப்படப் பிரிவில ஆவணப்படக் கமரா பிடித்தவர். அரசு காட்டச் சொன்னதைக் காட்டுற இடம் அது, அதை நான் மறைக்கேல்ல. ஆனா அந்த வேலை வெயிலுக்கையும் ஊருக்கையும்தான் நடந்தது. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், டைட்டஸ் தொட்டவத்த, பிளேக் மூண்டு பேரும் அங்கிருந்து விலகித்தான் 'ரேகாவ'வை (1956) எடுத்தினம். பார்வையிழந்த சிறுமியைச் சுகப்படுத்தினதா ஊர் நம்புற ஒரு சிறுவனின் கதை. சில இடங்களில இழுபடுது, உண்மை. ஆனா அந்த வெளிச்சம் உண்மையான வெளிச்சம். 1957இல் கான் விழாவுக்குப் போன படம், இஞ்ச வசூலில விழுந்துபோச்சு.

எனக்குப் பெரிசாத் தெரியிறது 'கம்பெரலிய' (1963). வெளியில வெயில் உதவி செய்யும், வீட்டுக்குள்ள அப்படியில்லை. ஸ்டூடியோ இல்லாமல், நொடிந்துபோற ஒரு பெரிய வீட்டுக்குள்ள பிளேக்கின் கமரா அவசரப்படாமல் நிக்குது. ஆக்கள் கதைச்சு முடிஞ்ச பிறகும் முகத்தை விட்டு விலகாது. நடக்கிறதைக் குழப்பாமல் காத்திருக்கிற அந்தப் பழக்கம் ஆவணப்படத்தில வந்தது எண்டுதான் நான் நினைக்கிறன். 1965இல் புதுடில்லியில தங்க மயில் விருது கிடைத்தது இந்தப் படத்துக்குத்தான்.

ஆனாலும் எல்லாரும் எழுதுறது 'லெஸ்டரின் படம்' எண்டுதான். போன வருசம் ஒரு ஒப்படையில நானும் அப்படித்தான் எழுதினனான். பிளேக்கின் பெயர் அதில ஒரு இடத்திலையும் இல்லை.

சிநேகிதன் ஒருத்தன் அடுத்த மாதம் ஒரு மீன்பிடிச் சங்கத்துக்குப் பத்து நிமிச ஆவணப்படம் எடுக்கப் போறான். வெக்கப்பட்டுக்கொண்டுதான் சொன்னவன். வாற சனிக்கிழமை அவனை இருத்தி வைச்சு 'கம்பெரலிய' போட்டுக் காட்டப் போறன்.