நிருபரின் வீடும் அங்கேதான் இருக்கிறது

போன வாரம் வகுப்பில் ஒரு பேச்சு. படித்து முடித்து என்ன செய்யப் போகிறோம் என்று ஆளாளுக்குச் சொல்லிக்கொண்டிருந்தோம். நண்பன் ஒருவன் போர்முனை நிருபர் ஆவேன் என்றான். தலைக்கவசம், கையில் மைக், பின்னால் புகை... எல்லாம் சினிமா பார்த்த பாதிப்பு :-)

எனக்கு நினைவுக்கு வந்தவர் மயில்வாகனம் நிமலராஜன். நம்மில் எத்தனை பேருக்கு இவரைத் தெரியும்?

முத்தியால்பேட்டையில் எங்கள் தாத்தா, இரவு ஒன்பதேகாலுக்கு பிபிசி தமிழோசை கேட்காமல் படுக்கவே மாட்டார். 2017-இல் அந்த வானொலிச் சேவை நிற்கும் வரைக்கும் இதுதான் கதை. அவர் சொல்லித்தான் நிமலராஜனைத் தெரியும்.

1995 கடைசியில் யாழ்ப்பாணம் இராணுவத்தின் கைக்குப் போனது. வெளியூர்ப் பத்திரிகையாளர்கள் நினைத்தபோது அங்கே போய்விட முடியாது. அங்கேயே குடியிருந்த ஒரு சிலர் சொன்னால்தான் உலகத்துக்குச் செய்தி. நிமலராஜன் அதில் ஒருவர். தமிழோசைக்கும் வீரகேசரிக்கும் மட்டுமல்ல, பிபிசியின் சிங்களச் சேவைக்கும் ராவய என்ற சிங்களப் பத்திரிகைக்கும் செய்தி கொடுத்தார். யாழ்ப்பாணத்தில் நடப்பது சிங்கள மக்களின் காதுக்கும் போனது. அவரைப் பிடிக்காதவர்களுக்கு இதுதான் அதிகம் உறுத்தியிருக்கும் என்பது என் எண்ணம்.

2000 அக்டோபர் 10 அன்று நாடாளுமன்றத் தேர்தல். யாழ் மாவட்டத்தில் நடந்த முறைகேடுகளை அவர் வெளியே கொண்டுவந்தார். அக்டோபர் 19 இரவு, வீட்டில் எழுதிக்கொண்டிருந்தவரை ஜன்னல் வழியாகச் சுட்டார்கள். கையெறி குண்டும் வீசினார்கள். பெற்றோரும் சிறுவனான மருமகனும் காயமடைந்தார்கள். அப்போது ஊரடங்கு நேரம். சாதாரண மனிதன் தெருவில் கால் வைக்க முடியாத நேரத்தில், இராணுவக் காவல் நிறைந்த பகுதிக்குள் கொலையாளிகள் வந்து போயிருக்கிறார்கள். எப்படி?

இலங்கையில் இன்றுவரை யாரும் தண்டிக்கப்படவில்லை. 2022-இல் லண்டன் மாநகரக் காவல்துறை இந்த வழக்கில் இங்கிலாந்தில் ஒருவரைக் கைது செய்து விசாரித்தது. 21 வருடம் கழித்து, வேறொரு நாட்டில்!

வெளியிலிருந்து வருகிற நிருபர் வேலை முடிந்ததும் விமானம் ஏறிவிடுவார். அவருடைய துணிச்சலைக் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் உள்ளூர் நிருபர் எங்கே போவார்? அவர் யாரைப் பற்றி எழுதினாரோ அவர்களுக்கு அவர் வீடும் தெரியும், அம்மா அப்பாவையும் தெரியும். அப்படிப்பட்டவருக்குப் பெரும்பாலும் மாதச் சம்பளம்கூடக் கிடையாது, செய்திக்கு இவ்வளவு என்று கணக்கு. நம் ஊர்ப் பகுதிநேர நிருபர்கள் பலருக்கும் இதே நிலைமைதான்.

இறந்த பிறகு தியாகி என்று சொல்லி மாலை போடுவது சுலபம். அதில் நமக்கு ஒரு செலவும் இல்லை. உயிரோடு இருக்கும்போது காப்பீடு, ஆபத்து வந்தால் குடும்பத்தோடு வெளியேற உதவி, கொன்றால் ஒழுங்கான விசாரணை. அவருடைய செய்தியை வாங்கிப் போடுகிற நிறுவனம் முதல் இரண்டையும் தரவேண்டும். மூன்றாவதை அரசு தரவேண்டும். தரும்வரை கேட்டுக்கொண்டே இருப்பது செய்தியைப் படிக்கிற நம் வேலை.

நண்பனிடம் இதையெல்லாம் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்படியும் நிருபர்தான் ஆவேன்" என்றான். ஆகட்டும். ஆனால் இந்த முறை தலைக்கவசம் பற்றிப் பேசவில்லை.