கந்தகக் கரைசலும் ரப்பர் ஷெட்டும்



ரப்பர் புதுத்துளிர் விடும் தை, மாசியில் சாம்பல் நோய்க்குக் கந்தகத்தூள் தூவுவது குலசேகரம் பக்கம் பழகிய வேலை. மிஞ்சிய தூளைச் சுண்ணாம்போடு காய்ச்சிச் சொறிபிடித்த நாய்க்கும் ஆட்டுக்கும் ஊற்றுகிறார்கள். பார்க்கவே பயமாக இருக்கிறது.

அந்தக் கரைசலைக் குறை சொல்லவில்லை. 1850-களிலேயே பிரான்சின் வெர்சாய் தோட்டத்தில் திராட்சைக்குத் தெளித்ததுதான். இரண்டு பங்கு கந்தகம், ஒரு பங்கு சுண்ணாம்பு, பத்துப் பங்கு தண்ணீர். ஒரு மணி நேரம் கொதித்தால் செம்பழுப்பாகும். இரும்புச் சட்டியில், திறந்த வெளியில், கண்ணாடியும் கையுறையும் போட்டுத்தான் காய்ச்ச வேண்டும். வெயிலேறிய பிறகு தெளித்தால் இலை கருகும்.

பெரிய ஆபத்து ஷெட்டில் இருக்கிறது. ரப்பர் பால் உறைய ஊற்றும் ஃபார்மிக் ஆசிட்டோடு இந்தக் கரைசல் கலந்தால் ஹைட்ரஜன் சல்ஃபைடு கிளம்பும். முதலில் அழுகிய முட்டை நாற்றம் வரும். வாயு கூடினால் மூக்கு மரத்துவிடும், நாற்றம் தெரியாது. ஆள் அப்படியே விழுவார். இரண்டையும் ஒரே இடத்தில் வைக்கவே கூடாது.

பிராணிக்கும் ஆபத்துதான். வீட்டில் காய்ச்சிய கரைசலின் காரம் ஒவ்வொரு தடவையும் மாறும்; பிராணியின் தோலையும் கண்ணையும் புண்ணாக்கும். சொறிக்கென விற்கும் மருந்தைக் கால்நடை மருத்துவர் சொல்லும் அளவில் கலக்கி ஊற்றி, காயும்வரை நக்கவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அடுத்த பருவத்துக்குள் ரப்பர் வாரியமும் கால்நடை பராமரிப்புத் துறையும் கந்தகம் விற்கும் கடைதோறும் இந்த எச்சரிக்கையை ஒட்ட வேண்டும்.

- ஒரு ரப்பர் விவசாயி, குலசேகரம்