மலையைக் காட்ட வர்றவருக்கு மலை தெரியுமா?

"இரண்டு இரவு, மூன்று பகல். பன்னிரண்டு பேர் மட்டும். அனுபவமுள்ள வழிகாட்டியுடன் சேர்வராயன் மலைப் பயணம். பழங்குடி கிராமத்தில் ஒரு நடை, காப்பித் தோட்டத்தில் ஒரு காலை, இரவில் கேம்ப் ஃபயர்."

இப்படி ஒரு நோட்டீஸ் வாரத்துக்கு ரெண்டாவது வாட்ஸ்அப்புல வந்துடுது. போன வாரம் வந்ததுல ஒரு போட்டோ. உத்துப் பார்த்தா எங்க பக்கத்து வீட்டு ஆத்தா! களத்துல சாமை புடைச்சிக்கிட்டு இருக்கு. கீழே "பழங்குடி மூதாட்டி"ன்னு எழுதியிருக்கான். பேரைக் கேட்டிருக்கலாம். கேக்கல. ஆத்தாகிட்ட காட்டினேன். "என்னை எதுக்கு சாமி இதுல போட்டிருக்காங்க?"ன்னு கேட்டுச்சு. எனக்கும் பதில் தெரியல. அதான் இன்னைக்கு உக்காந்து எழுதறேன்.

முதல்லயே ஒண்ணு சொல்லிடறேன். மே மாசம் கோடை விழாவுக்கு வர்ற கூட்டத்தைப் பத்தி இந்தப் பதிவு இல்லை. அது வேற கதை. 20 கொண்டை ஊசி வளைவுலயும் வண்டி நிக்கும், ஏரியைச் சுத்தி ஹாரன் சத்தம், மலர்க் கண்காட்சி முடிஞ்சா குப்பை. அவங்க யாரும் "நாங்க மலையைப் புரிஞ்சுக்க வந்தோம்"னு சொல்றதில்ல. புள்ளைங்களுக்கு லீவு, கீழே வெயில், ரெண்டு நாள் குளிர்ச்சியா இருக்கலாம்னு வர்றாங்க. நியாயம்தான். என் சண்டை இந்தப் பன்னெண்டு பேர் வேன்காரங்களோட. இவங்கதான் "பொறுப்பான பயணம்", "மண்ணின் மக்களோடு"ன்னு எழுதறாங்க. எழுதினவன்கிட்டதானே கேள்வி கேக்க முடியும்?

அந்த மூணு நாள்ல என்ன நடக்குதுன்னு எங்க ஊர் ரோட்டோரம் ஒரு மாசம் நின்னா தெரிஞ்சிடும். முதல் நாள் மதியம் வர்றாங்க. ஏரியில படகு, அண்ணா பூங்கா, ரூம். ரெண்டாம் நாள் 32 கிலோமீட்டர் லூப் ரோடு, அதுல வழியில ஒரு கிராமத்துல நாப்பது நிமிஷம். பகோடா பாயிண்ட். சாயங்காலம் கிளியூர் அருவி. ஏப்ரல்ல கூட அருவிக்குக் கூட்டிட்டுப் போறாங்க! ஏரி நிரம்பி வழிஞ்சாத்தான் அங்க தண்ணி. கோடையில பாறையைப் பார்த்துட்டு, படி ஏறி மூச்சு வாங்கிட்டு வர்றதுதான் மிச்சம். மூணாம் நாள் சேர்வராயன் கோயில், லேடீஸ் சீட், அப்படியே சேலம் இறங்கிடுவாங்க.

இதுல எங்க ஊருக்கு வந்து சேர்றது? டீக்கடையில பன்னெண்டு டீ, ரெண்டு தட்டு மிளகா பஜ்ஜி. வேன் வெளியூரு, ரூம் வெளியூர் முதலாளி, சமையல்காரர் வெளியூரு. சரி, அதெல்லாம் வியாபாரம், விடுங்க. வழிகாட்டியும் வெளியூரு! அதைத்தான் என்னால ஜீரணிக்க முடியல.

ஒரு தடவை என் தோட்டத்து வேலி ஓரமா ஒரு குழு நின்னுச்சு. வழிகாட்டி தம்பி, இருபத்தஞ்சு வயசு இருக்கும், நல்ல பையன், மரியாதையா பேசினாரு. சில்வர் ஓக் மரத்தைக் காட்டி, "இதுதான் மிளகு மரம்"னு சொன்னாரு. பன்னெண்டு பேரும் போட்டோ எடுத்தாங்க. மிளகு கொடிங்க. ஓக் மரம் காப்பிக்கு நிழலுக்கு வச்சது, அதுல மிளகுக் கொடியை ஏத்தி விட்டிருக்கோம். ஒரே நிலத்துல மூணு விவசாயம், அதுக்குப் பின்னால எத்தனை கணக்கு இருக்கு! எந்தக் கிளையை எப்ப கழிக்கணும், எவ்வளவு வெயில் உள்ள விழணும், தண்டு துளைப்பான் வந்த செடியை எப்படிக் கண்டுபிடிக்கறது... அதைச் சொன்னா அரை நாள் போகும். "மிளகு மரம்"னு ரெண்டு வார்த்தையில முடிஞ்சிடுச்சு. தம்பியைக் குறை சொல்லல. அவரைப் பதினைஞ்சு நாள் பயிற்சி கொடுத்து அனுப்பின நிறுவனத்தைத்தான் சொல்றேன். பேர் வேண்டாம்.

இன்னொண்ணு, அடிக்கடி நடக்கும். "நீங்க மலையாளியா? அப்ப மலையாளம் பேசுவீங்களா?" ஐயா, நாங்க கேரளா இல்லீங்க. மலையை ஆண்டவங்க, மலையாளி. எங்க பேச்சு தமிழ். காஞ்சிபுரத்துல இருந்து மூணு அண்ணன் தம்பி கிளம்பி வந்து, மூத்தவர் இந்த மலையிலயும் மத்தவங்க கொல்லிமலை, பச்சைமலைப் பக்கமும் தங்கினாங்கன்னு எங்க பெரியவங்க கதை சொல்லுவாங்க. அதனாலதான் இந்த மலைகளுக்குள்ள இன்னைக்கும் கொடுக்கல் வாங்கல், பேச்சு வார்த்தை எல்லாம். வேன்ல வர்றவங்களுக்கு இந்தக் கதை தெரியாது. தெரிஞ்சது காக்பர்ன் துரை கதை. 1820கள்ல சேலம் கலெக்டரா இருந்தவர், காப்பியை இங்க கொண்டு வந்தவர், கிரேஞ்ச் எஸ்டேட். சரித்திரம்தான், மறைக்க வேண்டியதில்ல. ஆனா ஏற்காட்டுக் கதை அங்கதான் ஆரம்பிக்குதுன்னு சொன்னா எப்படி? காப்பி வர்றதுக்கு முன்னாடி இங்க சாமை, தினை, கேழ்வரகு வெளைஞ்சிருக்கு. சேர்வராயன் குகையில விளக்கு எரிஞ்சிருக்கு. காப்பி வந்த பிறகு எங்க ஆளுங்களுக்கு எஸ்டேட்ல கூலி வேலை கிடைச்சுது. அந்தப் பகுதியை யாரும் லேடீஸ் சீட்ல நின்னு சொல்றதில்ல. அங்க வெள்ளைக்காரம்மா உக்காந்த கதை மட்டும்தான் ஓடும்.

இதெல்லாம் சின்ன விஷயம், இதுக்குப் போயி கோவப்படணுமான்னு கேப்பீங்க. சின்ன விஷயம் இல்லைங்க. ஏன்னு சொல்றேன்.

எங்க பசங்களுக்கு என்ன தெரியும்? பள்ளிக்கூடத்துல பெருசா மார்க் வாங்காத பையன்கூட காட்டுல இருட்டுல நடப்பான். காட்டுமாடு நிக்கற இடத்தைக் காத்து வாசத்துல சொல்லுவான். எந்த ஊத்து மார்ச்சுல வத்தும், எது வத்தாதுன்னு தெரியும். எந்தக் கொடியை அறுத்தா குடிக்கத் தண்ணி வரும்னு தெரியும். இந்த அறிவுக்கு இந்த நாட்டுல ஒரு விலை இருக்கு. அதை யாரு கொடுத்து வாங்கினாங்க தெரியுமா?

2015 ஏப்ரல் 7, திருப்பதி பக்கம் சேஷாசலம் காடு. செம்மரம் வெட்ட வந்தவங்கன்னு சொல்லி 20 பேரைச் சுட்டுக் கொன்னாங்க. எல்லாரும் தமிழ்நாட்டுக்காரங்க. அதுல பல பேர் ஜவ்வாது மலை, சித்தேரி மலைப் பக்கத்து மலையாளிங்க. எங்க சனம். ஏஜெண்டு ஏன் அவங்களைத் தேடி வந்தான்? காடு தெரிஞ்ச ஆளு, பாரம் தூக்கி மலை ஏறற ஆளு, ஊர்ல வேலை இல்லாத ஆளு. அவ்வளவுதான் காரணம். காட்டுல நடக்கத் தெரிஞ்சவனை மரக் கடத்தல்காரன் கண்டுபிடிச்சு அட்வான்ஸ் கொடுத்துக் கூட்டிட்டுப் போனான். "அனுபவமுள்ள வழிகாட்டி"ன்னு நோட்டீஸ் அடிக்கறவனுக்கு மட்டும் அந்த ஆளு கண்ணுல படவே இல்ல.

எங்க மலையில இருந்தும் பசங்க வெளியேறிக்கிட்டுத்தான் இருக்காங்க. திருப்பூர் பனியன் கம்பெனி, கேரளாவுல மிளகுத் தோட்டம், குடகுல காப்பி பறிக்க. பாருங்க கூத்தை: இங்க காப்பி பறிக்க ஆள் கிடைக்கல, எங்க பையன் குடகுல காப்பி பறிக்கறான், குடகுக் காப்பிப் பொடியை இங்க ரிசார்ட்டுல "ஏற்காடு அனுபவம்"னு ஆத்திக் கொடுக்கறாங்க!

"உள்ளூர் ஆளை வச்சா பாதுகாப்பு இருக்காது, இங்கிலீஷ் வராது, நேரத்துக்கு வரமாட்டாங்க." இது நான் காதால கேட்ட பதில். பாதுகாப்பா? 2018 மார்ச் 11 மறந்து போச்சா? தேனி மாவட்டம் குரங்கணி. சென்னையில இருந்தும் ஈரோடு, திருப்பூர் பக்கம் இருந்தும் போன மலையேற்றக் குழுக்கள், காட்டுத்தீ, இருபதுக்கும் மேல உயிர் போச்சு. எல்லாம் படிச்ச புள்ளைங்க. மார்ச்சுல காய்ஞ்ச போதைப்புல்லு மேட்டுல எந்தப் பக்கம் காத்து திரும்பும், தீ வந்தா மேல ஓடறதா கீழ ஓடறதா, எரிஞ்சு முடிஞ்ச பக்கம் எப்படிப் போறதுன்னு அந்த மேட்டுலயே மாடு மேய்ச்சவனுக்குத்தான் தெரியும். அவன் இருந்திருந்தா எல்லாரும் பொழைச்சிருப்பாங்கன்னு நான் அடிச்சுச் சொல்ல மாட்டேன். ஆனா அந்த மாசத்துல அந்த மேட்டுக்கு எதுக்குப் போறீங்கன்னு ஒரு வார்த்தை கேட்டிருப்பான்.

அரசாங்கத்துக்கே இது புரிஞ்சிருக்கு. 2024 அக்டோபர்ல வனத்துறை தமிழ்நாடு மலையேற்றத் திட்டம்னு ஆரம்பிச்சாங்க. 14 மாவட்டத்துல 40 பாதை, நம்ம சேலமும் அதுல உண்டு. அந்தந்த மலையில இருக்கற பழங்குடி இளைஞர்களுக்குப் பயிற்சி கொடுத்து, சீருடை கொடுத்து, அவங்கதான் வழிகாட்டி. காட்டுத்தீ காலத்துல பாதையை மூடிடறாங்க. குறை இருக்கு, கட்டணம் அதிகம், ஆன்லைன்ல பதிவு பண்ணத் தெரியணும். இருந்தாலும் அடிப்படை சரி. அரசு ஆபீசே செய்ய முடியறதை, மூணு நாளைக்கு ஆயிரக்கணக்குல வாங்கற தனியார் வேன்காரர் ஏன் செய்யக் கூடாது? இங்கிலீஷ் வராதுன்னா கூட வர்ற தம்பி மொழிபெயர்க்கட்டும். அவருக்கும் வேலை இருக்கும், மிளகு மரம்னு சொல்ற சங்கடமும் இருக்காது.

வெளிநாட்டுலயும் இந்தச் சண்டை இருக்குங்க. ஸ்காட்லாந்துக்கும் ஐஸ்லாந்துக்கும் நடுவுல ஃபாரோ தீவுகள்னு ஒண்ணு இருக்கு. மனுசங்களை விட ஆடு அதிகம். ஆடு மேய்க்கற பாதையில டூரிஸ்ட் நடந்து நடந்து புல்லெல்லாம் சேறாப் போச்சு. 2019 ஏப்ரல்ல அவங்க என்ன பண்ணாங்க? முக்கியமான இடங்களை எல்லாம் ரெண்டு நாள் மூடிட்டாங்க, "பராமரிப்புக்காக மூடப்பட்டுள்ளது"ன்னு. பார்க்க மட்டும் வர்றவங்களுக்கு அனுமதி இல்ல. வேலை செய்ய நூறு பேர் வாங்க, சோறும் தங்க இடமும் எங்க பொறுப்புன்னு சொன்னாங்க. உலகம் பூரா இருந்து ஆயிரக்கணக்குல பேர் கொடுத்தாங்க! வந்தவங்க உள்ளூர்க்காரங்களோட சேர்ந்து பாதைக்குக் கல்லு போட்டாங்க, வழிகாட்டிக் கம்பு நட்டாங்க. அதுக்கப்புறமும் அது நடந்துச்சு. ஊர் யாருதுன்னு ஊர்க்காரன் சொன்னா வர்றவன் கோவிச்சுக்கறதில்ல. எங்க வேன்காரங்கதான் பயப்படறாங்க.

நான் என்ன கேக்கறேன்? எங்க ஊருக்குள்ள வர்றதுக்கு முன்னாடி ஊர்க் கவுண்டர்கிட்ட ஒரு வார்த்தை. மந்தையில உக்காந்து பேசிட்டு, யாரு வீட்டுக்குப் போகலாம்னு அவங்க சொல்ற வீட்டுக்குப் போங்க. போட்டோவுக்கு முன்னாடி பேரைக் கேளுங்க, ஆத்தான்னு கூப்பிடுங்க, "பழங்குடி"ன்னு விரலை நீட்டாதீங்க. ஒரு வேளைச் சோறு எங்க வீடுகள்ல. கேழ்வரகுக் களி, கீரை, அவரைக்காய்க் குழம்பு, அதுக்கு ஓட்டல்ல கொடுக்கற காசு கொடுங்க. அப்புறம் மூணு நாளும் கூட நடக்க எங்க பையன் ஒருத்தன், குடகுல அவனுக்குக் கிடைக்கற கூலிக்குக் குறையாம. இதைச் செஞ்சா ஒரு தலைக்கு எவ்வளவு கூடும்? கேம்ப் ஃபயருக்கு வெட்டற விறகை நிறுத்தினாலே பாதி வந்துடும். (அந்த விறகு எங்க இருந்து வருதுன்னு யாராவது கேட்டிருக்கீங்களா?)

இன்னும் ஒண்ணு. அச்சடிச்ச அட்டவணையில வராத ஒண்ணை எங்க பசங்களால காட்ட முடியும். காப்பி பூக்கறது. மார்ச், ஏப்ரல்ல முதல் நல்ல மழை விழணும், நாங்க பூமழைன்னு சொல்லுவோம். மழை விழுந்து எட்டு பத்து நாள்ல மொத்தத் தோட்டமும் ஒரே நாள்ல வெள்ளையாயிடும், பனி கொட்டின மாதிரி. மல்லிகை வாசம் ரோடு வரைக்கும் வரும், தேனீ சத்தம் காதை அடைக்கும். மூணு நாலு நாள்தான், அப்புறம் பழுப்பாயிடும். எந்தத் தேதின்னு சென்னையில இருந்துக்கிட்டு யாராலும் நோட்டீஸ் அடிக்க முடியாது. மழை விழுந்த ராத்திரி இங்க இருக்கறவனுக்கு மட்டும்தான் தெரியும்.

வர்ற பூமழைக்கு நாங்க நாலு வீடு சேர்ந்து பேசி வச்சிருக்கோம். எட்டு பேருக்கு மேல வேண்டாம்னு முடிவு. மழை விழுந்த மறுநாள் காலையில போன் பண்ணிச் சொல்லிடுவோம், ஒன்பதாம் நாள் மலை மேல இருக்கணும். பாய் இருக்கு, போர்வை நீங்க எடுத்துட்டு வாங்க. அந்த நேரத்துக்கு லீவு கிடைக்கும்னு உறுதியாத் தெரிஞ்சவங்க மட்டும் பேர் கொடுங்க.