குதிரைப் பள்ளியிலிருந்து வந்த தளபதி

ரஷ்யப் பேரரசின் ராணுவத்தில் மேலே ஏற, போர்க்களத்தைவிட அரண்மனைத் தாழ்வாரம் குறுக்குவழி. அலெக்சேய் புருசிலோவையும் அந்த வழியில் வந்தவர் என்றே பலர் எண்ணினார்கள். 1853-இல் திபிலிசியில் பிறந்து, பிரபுக்களின் பிள்ளைகள் பயின்ற ராணுவப் பள்ளியில் படித்தவர். 1877-78 துருக்கிப் போரில் காக்கசஸ் முனையில் சண்டையிட்டார். பிறகு கால் நூற்றாண்டு பீட்டர்ஸ்பர்க் குதிரைப்படை அதிகாரிகள் பள்ளியிலேயே கழிந்தது. ஜப்பானியப் போருக்குக்கூடப் போகவில்லை. சவாரி வாத்தியார் என்று இளக்காரமாகப் பார்க்கத் தோன்றும்தான்.

ஆனால் முதல் உலகப் போரின் நடுவே, 1916 ஜூனில், மற்றத் தளபதிகள் ஒரே இடத்தில் பீரங்கிகளைக் குவித்து நாள்கணக்கில் முழங்கிக்கொண்டிருந்த காலத்தில், இவர் தன் கீழிருந்த நான்கு படைகளையும் அகன்ற முனையில் பல இடங்களில் பாயவிட்டார். பதுங்குகுழிகளை எதிரிக்கு மிக அருகே வரை வெட்டவைத்தார். வான்படங்களை வைத்துக் குறி பார்த்துச் சிறிது நேரமே சுடவைத்தார். முக்கியத் தாக்குதல் எங்கே என்று தெரியாமல் ஆஸ்திரியப் படை திணறியது, லட்சக்கணக்கானோர் சிறைப்பட்டனர். வடக்கே உதவிக்கு வரவேண்டிய ரஷ்யத் தளபதி எவெர்ட் நாளைத் தள்ளிக்கொண்டே போனார். வெற்றி வீணானதில் ஆஸ்திரியாவுக்குத் துணைவந்த ஜெர்மானியருக்கு உள்ள பங்கு இந்தச் சக தளபதிக்கும் உண்டு. ரஷ்யத் தரப்பிலும் இழப்பு பயங்கரம்; அதை மறைத்துப் புகழ்பாட முடியாது.

புரட்சிக்குப் பிறகு, 1920-இல் போல்ஷெவிக்குகளின் செம்படையில் சேர்ந்ததற்காகப் பழைய தோழர்கள் இவரைத் துரோகி என்றார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஜார் போனாலும் நாடு இருக்கிறது என்று நினைத்தவர் அவர். 1926-இல் மாஸ்கோவில் இறந்தபோது, சோவியத் அரசு ராணுவ மரியாதையுடன் அவரை அடக்கம் செய்தது.